மன்னார்க் கடலில் ஒரு படகுப் பிரயாணம்

தேச சஞ்சாரம் என்றால் ரயிலேறி வடக்கே போவது என்றே நம்மவரில் பலர் எண்ணிக்கொண்டிருக்கின்றனர். காசியையும் இமயத்தையும் கண்டு வந்தவர் நம்மிடையே ஆயிரக் கணக்கில் உண்டு. ஆனால் தமிழ்நாட்டிற்கு ஆயிரம் கிலோமீட்டருக்கு மேற்பட்ட கடற்கரை உண்டென்பதையும், அக்கரையைக் கடலில் இருந்துகொண்டு பார்த்தாலன்றி அதன் இயல்பு விளங்காதென்பதையும் உணர்ந்தவர் மிகச் சிலரே. சில தினங்களுக்கு முன் நாமும் நண்பர் சிலரும், ஆகப் பதினொரு பேர், பாம்பனுக்குத் தெற்கே குந்துகாலில் படகேறி, மன்னார் வளைகுடாவிலுள்ள குருசடைத் தீவு வரை போய் வந்தோம். அப்பிரயாணத்தில் கண்ட அழகைப் பற்றி மட்டுமே எழுதுவதானால் இந்தப் பத்தியில் இடம் கேட்டிருக்கமாட்டோம். அழகோடு கூடவே வேறு சில விஷயங்களும் கண்ணிற் பட்டன. அவற்றை மகாஜனங்களின் முன் வைப்பது நமது கடமையாகின்றது.

குந்துகால் சாதாரணமான இடமன்று. மேல்நாடுகளில் பாரதத்தின் கீர்த்தியை நிலைநாட்டிய சுவாமி விவேகானந்தர், இலங்கையிலிருந்து கடல் கடந்து வந்து, 1897-ம் வருஷம் ஜனவரி 26-ந் தேதி தாய்நாட்டு மண்ணை மிதித்தது இந்தப் பாம்பன் கரையிலேதான். சேதுபதி மன்னர் பாஸ்கரர் அவரை எதிர்கொண்டு உபசரித்தார். அதன் ஞாபகார்த்தமாக இன்று அங்கே ஒரு மண்டபம் நிற்கிறது. அதே ஜனவரி 26-ந் தேதி 1930-ல் சுதந்திரப் பிரதிக்ஞை தினமாகவும், 1950-ல் குடியரசு தினமாகவும் ஆயிற்று என்பதை நினைக்குந்தோறும் உள்ளம் சிலிர்க்கிறது.

ஆண் கடலும் பெண் கடலும்

எங்கள் படகோட்டி அறுபதைக் கடந்த ஒரு பெரியவர். வாலிபத்தில் சங்கு குளித்தவர். பிள்ளைகள் நாட்டுப்படகில் மீன் பிடிக்கிறார்கள். வடக்கே தெரியும் பாக் ஜலசந்தியை அவர் ‘பெண் கடல்’ என்றார். நாங்கள் போய்க்கொண்டிருந்த மன்னார்க் கடலை ‘ஆண் கடல்’ என்றார். முன்னது ஆழங் குறைந்து அடங்கிக் கிடப்பது. பின்னது குமுறி எழுவது. கச்சான் எப்பொழுது எழும், வாடை எப்பொழுது திரும்பும், நீவாடு எந்தப் பக்கம் இழுக்கும், எந்தப் பாரின்மேல் என்ன மீன் கிடைக்கும் என்று அவர் சொல்லிக்கொண்டே வந்தபோது, கலாசாலைகளில் நாம் படித்த பூகோள சாஸ்திரம் எவ்வளவு அற்பமென்று தோன்றிற்று.

வடக்கே தூரத்தில் பாம்பன் பாலங்கள் தெரிந்தன. 1914-ல் திறக்கப்பட்ட பழைய பாலம், நடுப்பாகம் இரண்டாகப் பிளந்து மேலெழும்பிக் கப்பல்களுக்கு வழிவிட்டு வந்தது. 2025-ம் வருஷம் ஏப்ரல் மாதம் திறக்கப்பட்ட புதுப்பாலத்திலோ நடுப்பாகம் முழுமையும் நேராக மேலே உயர்கிறது. முன்னதை அந்நிய ஆட்சி கட்டிற்று. பின்னதை நாமே கட்டினோம். இதில் பெருமை கொள்வது நியாயமே.

பத்துப் பன்னிரண்டு பேராகச் செல்வதில் ஒரு பெரிய சௌகரியம் உண்டு. நூற்றுக்கணக்கானோரை ஏற்றிக்கொண்டு, ஒலிபெருக்கி அலற, ஓடும் பெரிய படகில் போகிறவன் தன் கூட்டத்தையே பார்த்துக்கொண்டு திரும்புகிறான். சிறு படகிலோ படகோட்டியின் பேச்சு எல்லார் காதிலும் விழும். கேட்டதற்குப் பதில் கிடைக்கும். நீருக்கும் நமக்கும் இடையே ஒரு முழந்தான் தூரம். ஓரிடத்தில் பெரியவர் இயந்திரத்தை நிறுத்தி, விரலைக் காட்டினார். ஓங்கல் இரண்டு முதுகைக் காட்டி மறைந்தன. எங்களுடன் வந்த வியாபாரி நண்பர், இராமேசுவரத்திற்கு எட்டு முறை வந்தும் இதைக் கண்டதில்லை என்று ஒப்புக்கொண்டார்.

குருசடைத் தீவு

தூத்துக்குடிக்கும் பாம்பனுக்கும் இடையே, கரையை ஒட்டினாற்போல 21 தீவுகள் வரிசையாய் அமைந்தன. மண்டபம், கீழக்கரை, வேம்பார், தூத்துக்குடி என நான்கு கூட்டங்களாக அவற்றைப் பிரித்துச் சொல்வர். 1986-ல் இவை கடல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டன. 1989-ல் 10,500 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள வளைகுடாப் பிரதேசம் உயிர்க்கோளக் காப்பகமாயிற்று. நூற்றுக்கு மேற்பட்ட பவள இனங்கள் இங்கே உண்டு. கடற்புல் வெளிகளில், செம்படவர் ‘ஆவுளியா’ என்று அழைக்கும் கடற்பசு மேய்கிறது. பசுவைப் போலவே கன்று ஈன்று பாலூட்டும் இந்தச் சாதுவான பிராணிக்காக 2022-ல் பாக் ஜலசந்திப் பக்கத்தில் 448 சதுர கிலோமீட்டர் காப்பகமும் ஏற்பட்டிருக்கிறது.

குருசடை உயிர்நூல் வல்லாரின் புண்ணிய க்ஷேத்திரம் என்றால் மிகையாகாது. 1927-லேயே இத்தீவின் கரையோரப் பிராணிகளைப் பற்றிச் சென்னை மியூசியத்தார் தனி நூல் வெளியிட்டனர். முதுகெலும்பில்லாப் பிராணிகளுக்கும் முதுகெலும்புள்ளவற்றுக்கும் இடைப்பட்ட உறவைக் காட்டுவதாகச் சொல்லப்படும் ‘பலனோகுளோஸஸ்’ என்ற புழுவைத் தேடி மாணவர்கள் இங்கே வந்துகொண்டிருந்தார்கள். நாங்கள் இறங்கி நடந்தபோது தண்ணீர் வற்றியிருந்தது. முழங்கால் ஆழத்தில் பவளம் பழுப்பும் பச்சையும் ஊதாவுமாகத் தெரிந்தது. பவளம் கல்லன்று, உயிர் என்பதைப் பெரியவர் எங்கள் கூட்டத்திலிருந்த ஒரு சிறுவனுக்கு விளக்கி, அதன்மேல் கால் வையாதபடி அவன் கையைப் பிடித்து அழைத்துச் சென்றார்.

முழுகிய தீவுகள்

21 தீவுகள் ‘அமைந்தன’ என்று மேலே சொன்னோம். இன்று அத்தனையும் இல்லை. விலங்குசல்லி, பூவரசன்பட்டி என்னும் இரண்டு தீவுகள் கடலில் முழுகிவிட்டன. கடல் பொங்கியதை மட்டும் இதற்குக் காரணமாகச் சொல்லித் தப்பித்துக்கொள்ள முடியாது. பல்லாண்டுகளாகச் சுண்ணாம்புக்கும் தொழிற்சாலைகளுக்கும் கட்டட வேலைக்கும் பவளப் பாறைகளை வெட்டி வெட்டிக் கரை சேர்த்தோம். அலையின் வேகத்தைத் தாங்கி நின்ற மதிலை நாமே இடித்தோம். மதில் போனபின் மணல் எப்படி நிற்கும்? 2001-ல் பவளத்திற்குச் சட்டப் பாதுகாப்பு கிடைத்தது. அதன் பின்னரே வெட்டு வேலை ஓய்ந்தது. தூத்துக்குடிக்கு எதிரேயுள்ள வான் தீவு, 1969-ல் சுமார் 16 ஹெக்டேர் இருந்தது, 2015-ல் இரண்டு ஹெக்டேர் சொச்சமாய்ச் சுருங்கிற்று. அதைக் காப்பதற்குச் சர்க்கார் கடலடியில் செயற்கைப் பாறைகளை வரிசையாக இறக்கி வைத்திருக்கின்றனர். வெட்டி எடுத்ததைப் பின்னர் காசு கொடுத்துச் செய்து போடுகிறோம்! இதற்குள் கடல் நீர் சூடேறி 2010-லும் 2016-லும் பவளங்கள் வெளுத்து மடிந்தன. இந்த நிலைமையில்தான் உல்லாசப் பிரயாணம் என்ற புதிய தொழில் இக்கரையில் காலடி வைத்திருக்கிறது.

பாசி எடுக்கும் பெண்கள்

திரும்பி வந்ததும் கரையில் பாசி உலர்த்திக்கொண்டிருந்த சில பெண்களைச் சந்தித்தோம். இவ்வட்டாரத்துப் பெண்கள் விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு, கண்ணாடி அணிந்து, மூச்சடக்கி முழுகி, மரிக்கொழுந்துப் பாசியும் கஞ்சிப் பாசியும் கட்டைக்கோரையும் பறிக்கிறார்கள். மருந்துக்கும் பண்டங்களுக்கும் வேண்டிய ‘அகார்’ முதலிய சரக்குகள் இவற்றிலிருந்து ஆகின்றன. பூங்கா எல்லை ஏற்பட்ட பின், பரம்பரையாய் இறங்கி வந்த தீவுகளில் இறங்குவது இவர்களுக்குக் குற்றமாயிற்று.

“ஐயா, எங்கள் பாட்டி காலத்தில் தீவிலே கஞ்சி காய்ச்சிக் குடித்துவிட்டுப் பாசி எடுத்தோம். இப்பொழுது டிக்கட் வாங்கினவர்கள் இறங்கலாம், நாங்கள் இறங்கினால் வழக்கு” என்றார் அவர்களில் மூத்த ஓர் அம்மாள். அவர் குரலில் கோபமில்லை. அதுதான் நம்மை அதிகமாக வருத்திற்று.

இப்பெண்கள் கடலை அழிப்பவரல்லர். மாதத்தில் சுமார் பன்னிரண்டு தினங்கள் மட்டுமே பாசி எடுப்பதென்றும், மீன்கள் இனம் பெருக்கும் காலத்தில் அறவே நிறுத்துவதென்றும், பாறையைச் சுரண்டும் கருவிகளைத் தொடுவதில்லையென்றும் தாங்களே கூடித் தீர்மானித்து நடந்தவர்கள். 2015-ல் சின்னப்பாலத்தைச் சேர்ந்த ஒரு பெண்மணிக்கு, தீவுகளின் இயற்கையைக் காப்போருக்கென அமெரிக்காவில் வழங்கப்படும் ‘சீகாலஜி’ பரிசு கிடைத்தது. அந்நிய தேசத்தார் கண்டறிந்த யோக்கியதையை நாம் கண்டறியவில்லை என்பது நமக்குப் பெருமையா?

சட்டம் படித்தவன் என்ற முறையில் ஒன்று சொல்வோம். 1972-ம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமே, ஒரு பிரதேசத்தைத் தேசியப் பூங்காவாக்குமுன் அங்குள்ளோரின் உரிமைகளைக் கலெக்டர் விசாரித்து முடிவு செய்யவேண்டும் என்று விதிக்கிறது. 1983-ம் வருஷத்துத் தமிழ்நாட்டுக் கடல் மீன்பிடிச் சட்டமும், கரையிலிருந்து மூன்று கடல் மைல் வரை நாட்டுப்படகுக்காரருக்கே உரியதென்று ஒதுக்குகிறது. கரையோர மக்களின் பாத்தியதை தயவினால் வந்ததன்று, சட்டமே ஒப்புக்கொண்டது. மறுபக்கத்தில், 2019-ம் வருஷத்துக் கடற்கரை ஒழுங்கு அறிவிக்கை, ஜன நெருக்கம் மிகுந்த கிராமக் கரைகளில், கட்டடம் எழுப்பலாகாத எல்லையை 200 மீட்டரிலிருந்து 50 மீட்டராகக் குறைத்துவிட்டது. பாசி எடுப்பவளுக்கு எல்லை விரிகிறது. விடுதி கட்டுபவனுக்கு எல்லை சுருங்குகிறது. இந்த நீதி நமக்கு விளங்கவில்லை.

படகு யாருடையது?

இக்கடலில் இக்கேள்வி புதிதன்று. வக்கீல் வ. உ. சிதம்பரம் பிள்ளை 1906-ல் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியை ஸ்தாபித்தபோது கேட்ட கேள்வியும் இதுவே. பத்து லட்ச ரூபாய் மூலதனத்தை 25 ரூபாய்ப் பங்குகளாக வகுத்தார். சாமானிய ஜனங்களும் கப்பலுக்குச் சொந்தக்காரராக வேண்டுமென்பது அவர் கருத்து. 1907-ல் ‘காலியா’, ‘லாவோ’ என்ற இரண்டு கப்பல்கள் வந்தன. வெள்ளைக் கம்பெனியார் கட்டணத்தைக் குறைத்தனர்; மேலும் குறைத்தனர்; முடிவில் இலவசமாகவே ஏற்றிக்கொண்டு குடையும் தருவதாக ஆசை காட்டினர். 1908-ல் பிள்ளையவர்கள் சிறை புகுந்தார். 1911-ல் கம்பெனி கலைந்தது. அதை அழித்தது சர்க்காரின் அடக்குமுறை என்று நாம் எப்பொழுதும் சொல்லி வருகிறோம். அது மெய்தான், ஆனால் பாதி மெய். இலவசக் குடைக்கு ஆசைப்பட்டு அந்நியன் கப்பலில் ஏறியவன் நம்மவன் என்பது மற்றப் பாதி.

இன்று நம்மை ஆள்வோர் நாம் தேர்ந்தெடுத்தவரே. ஆகையால் இன்றைய அபாயம் வேறு உருவத்தில் வரும். பெரிய மூலதனக்காரர் பெரிய படகுகளைக் கொண்டுவந்து, கட்டணத்தைக் குறைத்து, சிறு படகுக்காரனைத் துரத்திவிட்டு, பின்னர் அவனையே தினக்கூலிக்கு வைத்துக்கொள்ளும் நாள் தூரத்தில் இல்லை.

செய்ய வேண்டுவது

கடலை அடியோடு மூடிவிட வேண்டும் என்பார் ஒரு சாரார். கதவைத் திறந்துவிட்டால் ஊர் செழிக்கும் என்பார் மற்றொரு சாரார். இருவர் பேச்சிலும் கரையோரத்தான் இல்லை. மூடிய கடலைக் காவலன் ஒருவனால் காக்க முடியாது. அக்கடலால் வாழ்கிறவனே காப்பான். திறந்துவிட்ட கடலில் ஊர் செழிப்பதற்கு முன் பவளம் மடியும். இரண்டுக்கும் நடுவே நேரான வழி உண்டென்பதற்குத் தொண்டிக்கு அருகிலுள்ள காரங்காடு கிராமமே அத்தாட்சி. அங்கே வனத்துறையின் துணையோடு ஊர் மக்களே அலையாத்திக் காட்டினூடே படகு விடுகிறார்கள். ஊர்ப் பெண்கள் வந்தவர்களுக்குச் சமைத்துப் போடுகிறார்கள்.

ஆகவே நமது யோசனைகள் இவை. படகு லைசென்ஸ் முதலாவதாகச் செம்படவர் கூட்டுறவுச் சங்கங்களுக்கும் பெண்கள் குழுக்களுக்குமே கிடைக்க வேண்டும். ஒரு நாளில் இத்தனை பேர்தான் என்ற அளவைப் பவளம் தாங்கும் சக்தியைக் கொண்டு நிர்ணயிக்க வேண்டும். பணப்பெட்டி தாங்கும் சக்தியைக் கொண்டன்று. பவளத்தின்மேல் நங்கூரம் போடுவதை அறவே தடுத்து, படகு கட்ட நிலையான மிதவைகள் அமைக்க வேண்டும். கட்டணத்தில் ஒரு பாகம் அந்தந்தக் கிராமத்துப் பள்ளிக்கூடத்திற்கும் வைத்தியசாலைக்கும் சேர வேண்டும். தீவுகளைப் பற்றித் தீர்மானிக்கும் எந்தக் கமிட்டியிலும் பாசி எடுக்கும் பெண்களுக்கு ஸ்தானம் வேண்டும். இவற்றைக் கேட்பதற்கு ராமநாதபுரம், தூத்துக்குடி ஜில்லாக்களிலுள்ள தேசத் தொண்டர்கள் முன்வருவார்களாக. மனு எழுதித் தருவதற்கு வக்கீல்கள் வேண்டுமானால் நாங்கள் சிலர் இருக்கிறோம்.

கடைசியாகப் பிரயாணிகளுக்கு ஒரு வார்த்தை. குந்துகாலுக்குப் போங்கள், குழந்தைகளையும் அழைத்துப் போங்கள். சிறு படகில், அந்தக் கரையில் பிறந்தவர் ஓட்டும் படகில், ஏறுங்கள். பக்கத்திலே வேறொருவன் ஐம்பது ரூபாய் குறைவாக அழைக்கலாம். குளிர்ந்த பானமும் கொடுக்கலாம். அப்பொழுது அந்த இலவசக் குடையை ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள்.